203 ரூபாவில் நின்ற டொலர்: வீதத்தைத் திறந்துவிட்டால் நாடு வளருமா?

கரவெட்டியான் எழுதியது:

கன நாளாக எழுத நினைத்த விஷயம். போன வாரம் வேறொரு இழையில் ஒருவர், வெளிநாட்டில் இருந்தவர்கள் உண்டியலில், அதாவது வங்கியைத் தொடாமல் ஆள்வழிக் கைமாற்றாக, காசு அனுப்பியதால்தான் 2022இல் இலங்கை விழுந்தது என்று எழுதியிருந்தார். அந்தக் காலத்தில் நான் கட்டாரில் ஒரு கட்டட வேலைத்தளத்தில் ஸ்டோர் பார்த்துக்கொண்டிருந்தேன். உண்டியலில் அனுப்பியவர்களில் நானும் ஒருவன். அதனால் என் கணக்கை அப்படியே சொல்கிறேன்.

2021 மார்கழி. சம்பளம் வந்த அன்று இரவு எங்கள் அறையில் ஆறு பேரும் கைபேசியை வைத்துக்கொண்டு கணக்குப் பார்ப்போம். ஆயிரம் ரியால் என்றால் ஏறக்குறைய 275 டொலர். டொலர் 203 ரூபாவுக்கு மேல் போகாமல் கட்டிவைத்திருந்தார்கள். வங்கி வழியாக அனுப்பினால் டொலருக்கு 200 ரூபா, வீட்டுக்கு 55,000 போகும். உண்டியல்காரர் 240 தந்தார், அப்போது 66,000. வித்தியாசம் பதினோராயிரம் ரூபா. அம்மாவின் ஒரு மாதச் சமையல் எரிவாயுவும் பால்மாவும் மருந்தும் அதற்குள் அடங்கும். அந்த மாதம் மத்திய வங்கி டொலருக்கு 10 ரூபா ஊக்கத்தொகை தந்தது. ஆயிரம் ரியாலுக்கு அது 2,750 ரூபா. மிச்ச எட்டாயிரத்தை யார் தருவது?

உண்டியலில் போன டொலர் எங்கும் காணாமல் போகவில்லை. நான் கட்டாரில் கொடுத்த ரியால் அங்கேயே நின்றது. கொழும்பில் ஒரு இறக்குமதியாளருக்கு டுபாயில் பொருள் வாங்க டொலர் தேவை, வங்கியில் அவருக்குக் கிடைக்காது. அவர் கொழும்பில் ரூபாவைக் கொடுப்பார், அது என் அம்மாவின் கைக்குப் போகும். என் ரியால் அவருடைய டுபாய்க் கணக்கைத் தீர்க்கும். நாட்டுக்குள் பொருள் வந்தது. ஆனால் அந்த டொலர் வங்கியைத் தொடவில்லை. எரிபொருள் கப்பலுக்கும் மருந்துக்கும் கட்ட வேண்டிய இடத்தில் அது இல்லை.

2020இல் வங்கி வழியாக வந்தது சுமார் 710 கோடி டொலர். 2021இல் 549 கோடி, 2022இல் 379 கோடி. லட்சக்கணக்கான ஆட்கள் ஒரே நேரத்தில் நாட்டுப்பற்றை இழந்துவிட்டார்கள் என்று நான் நம்பவில்லை. ஒருவருக்கும் கிடைக்காத ஒரு விலையைச் சுவரில் எழுதி வைத்து, டொலர் கொண்டுவருகிறவன் மட்டும் அந்த விலைக்கு விற்கவேண்டும் என்றார்கள். அது எங்கள் மேல் போட்ட வரி. பெயர் மட்டும் வரி இல்லை.

என் கேள்வி இதுதான். டொலரின் விலையைக் கட்டிவைக்காமல் வீதத்தைச் சந்தைக்குத் திறந்துவிட்டால் அந்த வரி போகும், சரி. ஆனால் அதனால் நாடு வளருமா? வளர்ந்த இடங்கள் உண்டா?

---

பின்னலாடைக்காரன் எழுதியது:

திருப்பூரிலிருந்து எழுதுகிறேன். எங்கள் வீட்டில் 1991 இன்னும் பேச்சில் இருக்கிறது. ஜூலை 1ஆம் தேதி ரூபாயின் மதிப்பில் ஒரு குறைப்பு, 3ஆம் தேதி இன்னொன்று. டாலர் 21 ரூபாயிலிருந்து 26க்குப் பக்கத்தில் போனது. அப்பா அப்போதுதான் சிறிய அளவில் ஏற்றுமதி தொடங்கியிருந்தார். வீட்டில் பாயசம் வைத்தார்கள் என்று அம்மா சொல்வார்.

அந்தப் பாயசம் ஆறுவதற்குள் ஐரோப்பிய வாடிக்கையாளரிடமிருந்து டெலக்ஸ் வந்துவிட்டது. "உங்கள் ரூபாய் இறங்கிவிட்டதே, பனியனுக்கு விலையைக் குறையுங்கள்." நூல் விலையும் ஏறியது. சாயம், ஊசி, மெஷின் பாகம் எல்லாம் டாலர் கணக்கு. ஐந்து ரூபாயில் அப்பாவின் கையில் கடைசியில் நின்றது ஒன்றோ ஒன்றரையோ என்பார்.

ஆனால் அதோடு இன்னொன்றும் நடந்தது. அதுதான் எங்களைத் தூக்கிவிட்டது. முன்பு ஒரு மெஷின் வரவழைக்க லைசென்ஸுக்காக டெல்லிக்கு நடக்க வேண்டும். 1991இல் எக்ஸிம் ஸ்கிரிப் என்று ஒன்று கொடுத்தார்கள். ஏற்றுமதி மதிப்பில் ஒரு பங்குக்கு இறக்குமதி உரிமைச் சீட்டு. தேவையில்லை என்றால் பிரீமியத்துக்கு விற்றுவிடலாம். 1992 மார்ச்சில் இரட்டை வீதம்: கொண்டுவரும் டாலரில் 40 சதவீதத்தை அரசு வீதத்தில் கொடு, 60 சதவீதத்தைச் சந்தை வீதத்தில் விற்றுக்கொள். அரசு வீதம் 26க்கு அருகில், சந்தை 30க்கு அருகில். அப்பாவின் நோட்டில் ஒவ்வொரு பில்லுக்கும் 40 – 60 என்று இரண்டு வரி போட்டிருப்பார். 1993 மார்ச்சில் இரண்டும் ஒன்றானது. நோட்டிலும் ஒற்றை வரி ஆகிவிட்டது.

படிப்படியாக வந்ததால் எங்களுக்குப் பழக நேரம் கிடைத்தது. 1991–92இல் இந்தியாவின் வளர்ச்சி ஒரு சதவீதத்தைக் கொஞ்சம் தாண்டியதுதான். அடுத்த வருஷம் ஐந்தைத் தாண்டியது. இதை வீதம் மட்டும் செய்தது என்று சொன்னால் நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். லைசென்ஸ் போனது பாதி.

---

சுடர்விழி எழுதியது:

மன்னாரில் இருக்கிறேன், ஆசிரியை. கரவெட்டியான் அண்ணா, உங்கள் கணக்கு விளங்குகிறது. எங்கள் கணக்கையும் ஒருக்கால் பாருங்கள்.

2022 மார்ச் 7ஆம் தேதி வீதத்தை 230 வரை விடப்போகிறோம் என்றார்கள். மே மாதத்துக்குள் 360ஐத் தாண்டிவிட்டது. என் சம்பளம் அதே ரூபாவில் நின்றது. செப்டம்பரில் கொழும்பு விலைச்சுட்டெண்படி பணவீக்கம் 69.8 சதவீதம், உணவுக்கு மட்டும் 94.9. பள்ளியில் காலைப் பிரார்த்தனையில் பிள்ளைகள் மயங்கி விழுந்தார்கள். நான் கண்ணால் பார்த்தேன்.

எங்கள் ஊர் மீன்பிடிக் கிராமம். சிறிய படகுகளின் வெளியிணைப்பு இயந்திரம் மண்ணெண்ணெயில் ஓடும். ஓகஸ்டில் மண்ணெண்ணெய் ஒரே நாளில் லீற்றர் 87 ரூபாவிலிருந்து 340 ஆனது. ஒரு முறை தொழிலுக்குப் போய்வர 25 லீற்றர் என்று வையுங்கள். 2,175 ரூபா செலவு 8,500 ஆகிவிட்டது. மீன் பட்டால் பரவாயில்லை, படாத நாளில் அது கடன். என் மாணவன் ஒருவனின் தகப்பன் படகைக் கரையில் ஏற்றிவைத்துவிட்டுக் கூலி வேலைக்குப் போனார். பத்தாம் வகுப்புப் படித்துக்கொண்டிருந்த அவனும் பின்னால் போனான், திரும்பி வரவில்லை.

நீங்கள் எல்லாரும் டொலர் வைத்திருக்கிறவரின் பக்கத்திலிருந்து பேசுகிறீர்கள். டொலர் ஒன்றுமே இல்லாத வீட்டுக்கு வீதச் சீர்திருத்தம் என்றால் விலையேற்றம். அதை வளர்ச்சி என்று சொன்னால் எனக்கு நெஞ்சு கொதிக்கிறது.

---

ஏடும்எண்ணும் எழுதியது:

சுடர்விழி அக்கா சொன்னதில் ஒரு எழுத்தைக்கூட மறுக்க மாட்டேன். நான் பொருளியல் படித்துக்கொண்டிருப்பவன். ஒன்றை மட்டும் பிரித்துப் பார்க்கவேண்டும் என்று நினைக்கிறேன். அந்தச் செலவு வீதத்தைத் திறந்ததால் வந்ததா, திறக்காமல் வைத்திருந்ததால் வந்ததா?

2019 முடிவில் இலங்கையின் கையிருப்பு சுமார் 760 கோடி டொலர். 2021 முடிவில் 310 கோடி, அதிலும் பாதியளவு சீன மத்திய வங்கியோடு செய்த நாணயப் பரிமாற்ற ஏற்பாடு, உடனே எடுத்துச் செலவழிக்க முடியாதது. 2022 ஜனவரியில் 50 கோடி டொலர் கடன்பத்திரத்தைக் கட்டினார்கள். மே மாதத்தில், பயன்படுத்தக்கூடிய கையிருப்பு 5 கோடிகூட இல்லை என்று நிதியமைச்சரே சொன்னார். 203 என்ற எண்ணைக் காப்பாற்றவும் கடன் கட்டவும்தான் அந்த டொலர் போனது. ஒரு வருஷம் முந்தித் திறந்திருந்தால் 400 கோடி கையில் இருக்கும்போதே இறங்கியிருக்கலாம். கை காலியான பிறகு திறந்ததால்தான் விலை அப்படிப் பாய்ந்தது. வட்டியையும் கூடவே போதிய அளவு உயர்த்தவில்லை. மார்ச்சில் வீதத்தை விட்டுவிட்டு ஏப்ரல் 8ஆம் தேதிதான் வட்டியை ஒரேயடியாக 7 சதவீதப் புள்ளி உயர்த்தினார்கள். இடைப்பட்ட அந்த ஒரு மாதம் பிடிமானம் இல்லாமல் ரூபா உருண்டது.

கரவெட்டியான் கேட்டதற்கு எனக்குத் தெரிந்து நேரடியாகப் பொருந்தும் நாடு கானா. 1983க்கு முந்தின கானாவில் ஒரு டாலர் 2.75 செடி என்று அரசு சொன்னது. கறுப்புச் சந்தையில் அதைப்போல் இருபது மடங்குக்கு மேல். கொக்கோ விவசாயி அரசுக் கொள்முதல் வாரியத்துக்குத்தான் விற்கவேண்டும், வாரியம் 2.75 கணக்கில்தான் காசு தரும். அவர் என்ன செய்வார்? இரவில் மூட்டையைத் தலையில் ஏற்றி எல்லை தாண்டி ஐவரி கோஸ்டிலோ டோகோவிலோ விற்றார். சிலர் தோட்டத்தைக் கவனிப்பதையே விட்டார்கள். 1960களின் நடுவில் ஐந்து லட்சம் டன்னுக்கு மேல் விளைந்த கொக்கோ 1983–84இல் 1.6 லட்சம் டன் அளவுக்கு வந்துவிட்டது. அண்ணா, உங்கள் ஆயிரம் ரியாலும் அந்தக் கொக்கோ மூட்டையும் ஒரே கதை.

1983 ஏப்ரலில் அப்போது ஆட்சியிலிருந்த ராலிங்ஸின் அரசு மாற்றத்தைத் தொடங்கியது. அக்டோபரில் டாலர் 30 செடி. 1986 செப்டம்பரில் வாரா வாரம் ஏலம். 1988இல் தெருவிலேயே நாணயமாற்றுக் கடைகளுக்கு அனுமதி. 1984இல் வளர்ச்சி 8 சதவீதத்தைத் தாண்டியது, பிறகு அந்தப் பத்தாண்டு முழுக்க 5 சதவீதத்தை ஒட்டி நின்றது.

இதை வைத்துத்தான் பாடப்புத்தகங்கள் கானாவைக் கொண்டாடும். எனக்கு அதில் இரண்டு உறுத்தல். முதலாவது, 1983 கொடிய வறட்சி வருஷம். காட்டுத்தீ வேறு. நைஜீரியா விரட்டிய பத்து லட்சத்துக்கு மேற்பட்ட கானாக்காரர்கள் அதே வருஷம் திரும்பி வந்தார்கள். 1984இல் மழை பெய்தது. மழையையும் வீதத்தையும் ஒரே கணக்கில் போடக்கூடாது. இரண்டாவது, கொக்கோ மரம் நட்டு மறு வருஷம் காய்க்காது. முதல் சில வருஷத்தில் கூடின கொக்கோவில் ஒரு பகுதி, எல்லை தாண்டிப் போய்க்கொண்டிருந்தது திரும்பி வாரியத்தின் தராசுக்கு வந்தது. அதைப் புது விளைச்சல் என்று சொல்ல முடியாது. மறைந்திருந்தது கணக்குக்குள் வந்தது, அவ்வளவுதான். அதுவும் நல்லதுதான், ஏனென்றால் அரசுக்கு டாலர் கிடைத்தது, அந்த டாலரில் லாரிக்கு டயரும் ஆஸ்பத்திரிக்கு மருந்தும் வாங்க முடிந்தது. ஆனால் அதைத் தனியாகச் சொல்ல வேண்டும்.

---

தோட்டத்துரவு எழுதியது:

பிள்ளைகளே, உங்களுக்கு முந்தின ஒரு திறப்பை நான் கண்டவன். 1977. எனக்கு எழுபதைத் தாண்டிவிட்டது. எங்கள் தோட்டம் யாழ்ப்பாணத்தில் கோண்டாவில் பக்கம், செம்மண்.

அப்போதும் இரண்டு வீதம்தான். 1968இலிருந்து வெளிநாட்டுச் செலாவணி உரிமைச் சான்றிதழ் என்று ஒன்று. அரிசி, மா, மருந்துக்கு ஒரு விலை, மற்றதுக்கு இன்னொரு விலை. 77 கார்த்திகையில் ஜே. ஆர். ஜெயவர்தன அரசாங்கம் இரண்டையும் ஒன்றாக்கியது. எட்டு ரூபா அளவில் இருந்த டொலர் பதினாறு ஆனது. 1978இல் நாடு எட்டுச் சதவீதம் வளர்ந்தது என்று புத்தகத்தில் இருக்கும். அது பொய்யில்லை. கட்டுநாயக்காவில் தையல் ஆலைகள் வந்தன. கொழும்பில் துணிக்கடை நிறைந்தது.

இங்கே என்ன நடந்தது? அதற்கு முன் ஏழு வருஷம் மிளகாயும் வெங்காயமும் வெளியிலிருந்து வர விடவில்லை. துலா மிதித்தவன் மண்ணெண்ணெய்ப் பம்பு வாங்கினான். முத்தையன்கட்டு, விசுவமடு என்று படித்த பொடியன்கள் வன்னிக்குப் போய்க் காடு வெட்டி மிளகாய் போட்டார்கள். செத்தல் மிளகாய் விற்ற காசில் கல்வீடு எழும்பியது. எங்கள் வீட்டுத் தளமும் அந்த மிளகாய்தான்.

ஏடும்எண்ணும் தம்பி, உன் கணக்குப்படி டொலர் இரண்டு மடங்கானால் வெளிநாட்டு மிளகாயும் இரண்டு மடங்கு விலையாகி எங்களுக்கு இலாபம் வந்திருக்க வேண்டும். ஆனால் தடையையும் அதே நேரம் எடுத்துவிட்டார்கள். முழுத் தடை இருந்த இடத்தில் விலையேற்றம் என்ன காப்பு? வேலி இருந்த தோட்டத்தில் வேலியைப் பிடுங்கிவிட்டு மண் அணை கட்டித் தந்ததுபோல. பம்பாய் வெங்காயம் வந்து இறங்கியது. பம்புக்கும் உரத்துக்கும் நாங்கள் கொடுத்த விலையோ ஏறியது. நாடு வளர்ந்த அதே வருஷத்தில் நான் ஒரு பரப்பு வெங்காயத்தை அப்படியே உழுது மண்ணோடு சேர்த்தேன். கிண்டக் கூலி கட்டாது.

வன்னிக்குப் போன பொடியன்கள் பலர் திரும்பி வந்து சும்மா இருந்தார்கள். அடுத்து என்ன நடந்தது என்று உங்களுக்குத் தெரியும். எல்லாவற்றுக்கும் மிளகாய்தான் காரணம் என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் வேலையில்லாத பொடியன்கள் ஊர்ச் சந்தியில் நின்றதை நான் கண்டேன்.

---

லாகோஸ்வாசி எழுதியது:

நான் நைஜீரியாவில் பத்து வருஷமாக வேலை செய்கிறேன், சொந்த ஊர் தூத்துக்குடிப் பக்கம். இங்கே 2023 ஜூனில் வீதத்தைத் திறந்தார்கள். அரசு வீதம் 460–470 நைரா, வெளியே 750க்குப் பக்கம். திறந்ததும் இரண்டும் நெருங்கின. எல்லாரும் கைதட்டினார்கள். 2024 பிப்ரவரியில் 1,500ஐத் தாண்டியது.

ஏன்? டாலர் உள்ளே வரவில்லை. எண்ணெய் ஒன்றுதான் பெரிய டாலர் வரவு, அதன் உற்பத்தியே படுத்திருந்தது. கானாவின் கொக்கோபோல, எல்லை தாண்டிப் போய்விட்டுத் திரும்பி வர ஒரு பொருள் இங்கே போதிய அளவு இல்லை. வீதத்தைத் திறப்பதற்கு இரண்டு வாரம் முன்பு, மே 29ஆம் தேதிதான், புது அதிபர் பதவியேற்ற மேடையிலேயே பெட்ரோல் மானியத்தை முடித்துவிட்டார். இரண்டும் சேர்ந்து மக்கள் தலையில் விழுந்தன. 2024 கடைசியில் பணவீக்கம் 34 சதவீதத்துக்கு மேல். என் ஓட்டுநர் வேலைக்கு வர ஒன்றரை மணி நேரம் நடக்கத் தொடங்கினார். நான் சம்பளத்தைக் கூட்டினேன். கூட்டித்தராத முதலாளிகள்தான் அதிகம்.

ஆனாலும் பழைய முறை திரும்பவேண்டும் என்று நான் சொல்ல மாட்டேன். 2015இலிருந்து 40க்கு மேற்பட்ட பொருட்களின் இறக்குமதிக்கு அரசு வீதத்தில் டாலர் கிடையாது என்று ஒரு பட்டியல் இருந்தது, பல்குத்தும் குச்சிகூட அதில் உண்டு. மேலே ஆள் தெரிந்தவர் 460க்கு டாலர் வாங்கி மறுநாள் 700க்கு விற்றார், ஒரு தொழிலும் செய்யாமல். அந்தக் காசு யாருடையது? நடந்து வருகிற என் ஓட்டுநருடையதும்தான்.

---

பின்னலாடைக்காரன் எழுதியது:

தோட்டத்துரவு ஐயா, நீங்கள் எழுதியதை அப்பாவுக்குப் படித்துக் காட்டினேன். கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. "நமக்கு ஏறின காசு எவன் தோட்டத்திலிருந்து வந்ததோ" என்றார். விசைத்தறிக்காரர்கள் நூல் விலை தாங்காமல் தறியை நிறுத்தியதை அவரும் பார்த்தவர்.

---

கரவெட்டியான் எழுதியது:

எல்லாவற்றையும் இரண்டு முறை படித்தேன். தம்பி சொன்ன "மறைந்திருந்தது கணக்குக்குள் வந்தது" என்பது என்னைப் பற்றியும்தான். 2022 நடுவிலேயே எங்கள் அறையில் ஆட்கள் வங்கிக்குத் திரும்பிவிட்டார்கள். உண்டியலுக்கும் வங்கிக்கும் வித்தியாசம் சில ரூபாதான் என்றால் ஏன் பயத்தோடு அனுப்பவேண்டும்? 2023இல் வங்கி வழியாக 597 கோடி, 2024இல் 657 கோடி. நாங்கள் கூடுதலாக உழைக்கவில்லை. வீதம் உண்மையானது, அவ்வளவுதான்.

2024இல் நாடு 5 சதவீதம் வளர்ந்தது என்கிறார்கள். 2022இல் 7 சதவீதத்துக்கு மேல் விழுந்து, 2023இல் இன்னும் 2 சதவீதத்துக்கு மேல் விழுந்து, அதன் பிறகு வந்த 5. பள்ளத்துக்குள் இருந்து ஏறுகிற கணக்கு. அதனால் வீதத்தைத் திறந்தால் நாடு வளருமா என்ற என் கேள்வியே சரியில்லையோ என்று இப்போது படுகிறது. பொய் வீதம் நாட்டைத் தேயவைக்கும், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. திறப்பது அந்தத் தேய்வை நிறுத்தும். அதற்கு மேல் வளருவதற்கு விற்க ஒரு பொருளும், அதைச் செய்ய ஆளும், கையில் கொஞ்சம் டொலர் மிச்சம் இருக்கும்போதே திறக்கிற துணிவும் வேண்டும். எங்களிடம் மூன்றாவது இல்லை.

---

சுடர்விழி எழுதியது:

நான்காவது ஒன்றையும் சேர்த்துக்கொள்ளுங்கள் அண்ணா. வீதத்தைத் திறந்தது 2022 மார்ச். மண்ணெண்ணெய் ஏறினது ஓகஸ்ட். ஏழைகளுக்கான அஸ்வெசும கொடுப்பனவு தொடங்கியது 2023 ஜூலை. பதினாறு மாதம். வீதத்தை மாற்ற ஒரு அறிவித்தல் போதும், ஒரு இரவில் செய்துவிட்டார்கள். பெயர்ப்பட்டியல் தயாரிக்க மட்டும் ஏன் அவ்வளவு காலம்? முதலில் பட்டியல், பிறகு வீதம் என்று வைத்திருந்தால் என் மாணவன் பள்ளியில் இருந்திருப்பான். இதைச் செய்திருக்கவே முடியாது என்று யாராவது சொன்னால், எந்த நாட்டில் முயன்று பார்த்தார்கள் என்று கேட்பேன்.

---

ஏடும்எண்ணும் எழுதியது:

அக்கா, கானாவிலும் இதே பிழைதான். சீர்திருத்தம் 1983இல். அதன் சுமையைத் தாங்க ஏழைகளுக்கென்று தனித்திட்டம் வந்தது 1980களின் கடைசியில். அதற்குள் ஒரு பிள்ளை தொடக்கப்பள்ளியில் பாதியைத் தாண்டியிருக்கும். வரிசையை மாற்றிச் செய்த நாடு எது என்று நானும் தேடுகிறேன். கிடைத்தால் இதே இழையில் எழுதுகிறேன்.

---

தோட்டத்துரவு எழுதியது:

தேடு தம்பி. பிள்ளை சுடர்விழி, அந்தப் பொடியனுக்கு இப்போது என்ன வயது? எங்கள் பக்கத்தில் வெளிவாரியாகப் பரீட்சை எழுதவைக்கிற ஒரு ஆசிரியரைத் தெரியும். தனிமடல் போடு.